செவ்வாய், வியாழன், சனி

ஈப்போவுக்கு வடக்கே செமோர் பக்கம் போய், "டத்தின் வேன் எங்கே நிற்கும்?" என்று யாரைக் கேட்டாலும் கை காட்டுவார்கள். வெள்ளை வேன். இடது பக்கத்துக் கதவு முரண்டு பிடிக்கும். உள்ளேயிருந்து ஓர் உதை விட்டால்தான் திறக்கும். ஓட்டுநர் இருக்கையில் மூக்குக் கண்ணாடி போட்டுக்கொண்டு, அறுபதைத் தொடப்போகும் ஓர் அம்மாள் நிமிர்ந்து உட்கார்ந்திருப்பார். அவர்தான் கலாதேவி. கணவர் பத்துமலை சுல்தானிடம் டத்தோ பட்டம் வாங்கியவர். டத்தோவின் மனைவி டத்தின் ஆகிவிடுவார். பட்டம் அவருக்கு, அதில் ஒரு பாதி, கேட்டாலும் கேட்காவிட்டாலும் இவருக்கும் ஒட்டிக்கொண்டது.

செவ்வாய், வியாழன், சனி என்றால் பொழுது புலர்வதற்குள் வேன் கிளம்பிவிடும். பழைய ரப்பர் தோட்டத்து ஆட்கள் இப்போது குடியிருக்கும் தாமான் என்கிற வீடமைப்புப் பகுதியில் ஏழெட்டுப் பேரை ஏற்றிக்கொண்டு, ஈப்போவில் இருக்கும் டயாலிசிஸ் மையத்தில் இறக்கிவிட வேண்டும். எல்லோரும் சிறுநீரகம் கைவிட்டவர்கள். "ரத்தம் கழுவப் போறோம்" என்று, ஏதோ சந்தைக்குப் போவதுபோலத்தான் சொல்வார்கள். நான்கு மணி நேரம் இயந்திரத்தோடு படுத்து எழுந்ததும் வீட்டு வாசலில் கொண்டுவந்து விட வேண்டும். சம்பளம் கிடையாது, லீவு கிடையாது, கைதட்டக் கூட்டமும் கிடையாது. இந்த அம்மாளா கால் நூற்றாண்டு காலம் வி.ஐ.பி. சோபாவில் உட்கார்ந்து காலம் தள்ளியவர் என்று கேட்பீர்கள். ஆமாம், இவரேதான்.

கலாதேவி ஈப்போவில் பிறந்தவர். யாழ்ப்பாணத்து வழிக் குடும்பம். தகப்பனார் ரயில்வேயில் குமாஸ்தா. படித்து முடித்ததும் டெலிபோன் அலுவலகத்தில் வேலை கிடைத்தது. அங்கேதான் பத்துமலை வந்து சேர்ந்தார். அவர் குடியிருந்த தோட்டத்துக்கு இருந்ததே ஒரு டெலிபோன். அது செத்துப் போய் வாரக்கணக்காகிவிட்டது. மனிதர் தினமும் வந்து முகப்பில் நிற்பார், புகார் சொல்வார், சிரிப்பார், போவார். போன் சரியான பிறகும் வருவது நிற்கவில்லை. ரப்பர் மரம் வெட்டிப் பால் எடுத்தவர்களின் மகன். கலாதேவியின் அம்மா, "ஊரிலை வேறை பெடியனே கிடைக்கேல்லையோ உமக்கு?" என்று மூன்று நாள் சாப்பிடாமல் கிடந்தார். கலாதேவி மூன்று நாளும் நன்றாகச் சாப்பிட்டுவிட்டு, நான்காம் நாள் தான் சொன்னதையே திரும்பவும் சொன்னார். அந்தப் பிடிவாதத்தை அப்போதே கவனித்திருக்க வேண்டும். யாரும் கவனிக்கவில்லை.

பத்துமலை கட்சியில் கிளைத் தலைவரானார், பிறகு சட்டமன்ற உறுப்பினராகி, ஊர் வாயில் 'வைபி' ஆனார். வைபி வீட்டம்மா முகப்பில் உட்கார்ந்து போன் எடுத்தால் கட்சிக்குக் கௌரவமா என்று பெரியவர்கள் முணுமுணுத்தார்கள். கலாதேவி வேலையை விட்டார். வேலையை விட்டாரே தவிர, வேலை அவரை விடவில்லை. கல்யாணம், காதுகுத்து, தைப்பூசம், பள்ளிக்கூட விளையாட்டுப் போட்டி, துக்க வீடு. எல்லாவற்றுக்கும் பட்டுப்புடவை அல்லது வெள்ளைப் புடவை. குத்துவிளக்கில் மூன்றாவது திரி எப்போதும் இவருக்கு. அறிவிப்பாளர் எல்லா டத்தோக்களையும் வரிசையாக வணங்கி முடிப்பதற்குள் பாதி விழா முடிந்துவிடும்.

ஆனால் இந்த அம்மாள் சும்மா உட்கார்ந்திருக்கவில்லை. கூட்டத்தில் யாராவது நெருங்கி வந்தால் கணவரின் காதோரம் சாய்வார். "பச்சைச் சட்டை, நாலாவது லைன் வீடு, மகளுக்குப் போன மாசம் கல்யாணம்." அவ்வளவுதான். பத்துமலை உடனே கையை நீட்டி, "என்னண்ணே, மகள் கல்யாணம் நல்லா முடிஞ்சுச்சா?" என்பார். வந்தவருக்கு மேலெல்லாம் புல்லரிக்கும். வைபிக்கு என்ன ஞாபகசக்தி என்று ஊரே மெச்சியது. அந்த ஞாபகசக்தி பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து விசிறிக்கொண்டிருந்ததை ஒருவரும் பார்க்கவில்லை.

காலம் மாறியது. ரப்பர் போய் எண்ணெய் எடுக்கும் செம்பனை வந்தது. அப்புறம் தோட்டமே வீடமைப்புக் கம்பெனிக்குக் கைமாறி, லைன் வீட்டு ஆட்கள் மலிவு விலைத் தாமானுக்குப் போனார்கள். நாட்டில் ஆட்சியும் மாறியது. பத்துமலை தோற்றார். டிரைவர் போனார், காலையில் வாசலில் காத்திருக்கும் கூட்டம் போனது. டத்தோ தொலைக்காட்சிக்கு முன்னால் உட்கார்ந்து, செய்தியில் வருகிற ஒவ்வொரு முகத்தையும் திட்டத் தொடங்கினார். ஒரே மகள் ரஜிதா சிங்கப்பூரிலிருந்து போன் செய்து, "அம்மா, கொஞ்ச நாள் இங்க வந்து இருங்களேன்" என்றாள். கலாதேவி போகவில்லை.

அந்தச் சமயத்தில்தான் கருப்பம்மாளைப் பார்க்கப் போனார். கருப்பம்மாள் தோட்டத்தில் மரம் வெட்டியவர். பெண்கள் ஓட்டு மொத்தமும் அவர் பேச்சில் இருந்த காலம் ஒன்று உண்டு. போய்ப் பார்த்தால் முகம் உப்பி, கால் வீங்கிக் கட்டிலில் கிடக்கிறார்.

"என்ன கருப்பம்மா, டயாலிசிஸ் போகலையா?"

"எப்படி போறது டத்தின்? மவன் ஷிப்டுக்குப் போயிட்டான். வாடகைக் காடி கூப்புட்டா உள்ளுக்கு வரமாட்றானுங்க. போன வாரமும் ஒரு நாளு போகல. சீனியண்ணனும் அப்படித்தான்லா, ஒரு நாளு போனா ஒரு நாளு இல்ல."

இவர்கள் வீட்டில் எத்தனை தேர்தலுக்குக் கோப்பி குடித்திருக்கிறோம், எத்தனை தடவை "கவலப்படாதீங்க, நாங்க இருக்கோம்" என்று சொல்லியிருக்கிறோம்! சொன்னது கட்சி என்றாலும், சொன்ன வாய் தன்னுடைய வாய். வீட்டுக்குத் திரும்பினார். கொட்டகையில் கணவரின் பழைய பிரச்சார வேன் துரு ஏறி நின்றது. அதன் இரண்டு பக்கமும் ஆள் உயரத்துக்குப் பத்துமலையின் முகம்.

ஓட்டத் தெரியாதே! ஐம்பத்து நான்கு வயதில் எல் போர்டு மாட்டிக்கொண்டு படிக்கப் போனார். சொல்லிக்கொடுத்த சீனத்து அம்மாள் வாய் ஓயாமல் அதட்டுவார். பின்பக்கமாக எடுத்து நிறுத்தும் சோதனையில் கம்பத்தை இடித்துத் தோற்றார். டத்தின் தோற்றுவிட்டார் என்று தாமான் முழுக்கச் சிரிப்பு. "என் வீட்டுக்காரரு தோத்த அளவுக்கு நான் தோக்கலலா" என்று கலாதேவியும் சேர்ந்து சிரித்தார். மறுபடி போய்த் தேறினார்.

அதற்கப்புறம் ஒரு நாள் வெந்நீரும் சமையலறைக் கத்தியுமாகக் கொட்டகைக்குள் நுழைந்து, வேனில் இருந்த கணவரின் முகத்தைச் சுரண்டத் தொடங்கினார். நெற்றி வந்தது, கன்னம் வந்தது. மீசை மட்டும் வருவேனா என்றது. பத்துமலை வெளியே வந்து பார்த்துவிட்டு, "என்ன கலா, என்னைய உயிரோட உரிக்கிற?" என்றார். "கால நீட்டி உக்காந்திருக்கிறதுக்கு, ஒரு துணிய எடுத்துத் தொடச்சுக் குடுங்க" என்றார் கலாதேவி. அவர் துடைக்கவில்லை, திரும்ப உள்ளே போய்விட்டார். வேன் பல மாதம் ஒற்றை மீசையோடுதான் ஈப்போவுக்குப் போய்வந்தது.

கருப்பம்மாள் ஏறினார், சீனியண்ணன் ஏறினார். பக்கத்துக் கிராமத்தில் எல்லோரும் மாச்சிக் என்று அழைக்கும் மலாய்க்காரப் பெரியம்மா ஒருவர் கேட்டார், அவரும் ஏறினார். சீனியண்ணன் எதிர்க்கட்சிக்காக முன்பு வீடு வீடாகப் போய்ப் பத்துமலையைக் கிழிகிழி என்று கிழித்தவர். முதல் நாள் ஏறும்போது கொஞ்சம் கூசினார். "ஏறுங்கண்ணே, நேரமாச்சு" என்றார் கலாதேவி. அதற்கு மேல் அந்தப் பேச்சே எழவில்லை. ஒரு டயாலிசிஸ் நாள்கூடத் தவறாமல் வருஷங்கள் ஓடின. வீங்கிய கால்கள் வடிந்தன. கலாதேவிக்கும் ஏதோ நடந்தது. கணவரின் காதில் பெயர் சொல்லிக்கொண்டிருந்த வாய், இப்போது தாதியரிடம் சண்டை போட்டது, டாக்டரிடம் விளக்கம் கேட்டது, வேனுக்குள் வாய்விட்டுச் சிரித்தது. டெலிபோன் அலுவலகத்தில் இருந்த பெண்ணை அவர் ரொம்ப நாளைக்கப்புறம் திரும்பச் சந்தித்தார். அவளை அவருக்குப் பிடித்திருந்தது.

அப்போது வந்து தொலைந்தது இடைத்தேர்தல்.

கட்சி மறுபடி பத்துமலையை நிறுத்தத் தீர்மானித்தது. மனிதருக்குப் பத்து வயது குறைந்துவிட்டது. தொகுதிச் செயலாளர் பவித்ரன் வீட்டுக்கு வந்தார். நாற்பது வயது, கையில் எந்நேரமும் போன். கோப்பியைக் குடித்துக்கொண்டே, "அக்கா, உங்க வேன்தான் நமக்குப் பெரிய பலம். ரெண்டு பக்கமும் டத்தோ படம் ஒட்டிருவோம். மக்கள் சேவைன்னு போட்டா போதும்லா, ஓட்டு கொட்டும்" என்றார்.

"முடியாது" என்றார் கலாதேவி.

பவித்ரன் சிரித்தார். விளையாட்டுக்குச் சொல்கிறார் என்று நினைத்திருக்க வேண்டும்.

"வேனு யாரு பேருல இருக்கு?" என்று கேட்டார் பத்துமலை.

"உங்க பேருலதான். ஓட்டறது நானு. படத்த ஒட்டினா சீனியண்ணன் நாளைக்கு எப்படி ஏறுவாரு? மாச்சிக் எப்படி ஏறுவாங்க? ஏறினா நம்ம ஆளாயிட்டாங்கன்னு ஊரு பேசும். ஏறலன்னா செத்துப் போவாங்க. உங்களுக்கு ஓட்டு வேணும்னா நடந்து போய்க் கேளுங்க."

பத்துமலைக்கு முகம் சுண்டிப் போயிற்று. இரண்டு நாள் பேசவில்லை. மூன்றாம் நாள் இறங்கி வந்தார். வேட்புமனு தாக்கல் சனிக்கிழமை. அன்றைக்கு மட்டும் பக்கத்தில் வந்து நிற்கச் சொன்னார். "இத்தன வருஷமா நீ இல்லாம நான் மேட ஏறினதில்ல கலா. ஒரே ஒரு நாளு. ஆளுங்கள ஏத்திப் போறதுக்கு நம்ம பையன் ஒருத்தன அனுப்புறேன்." அது நடிப்பில்லை, உண்மையாகவே பயந்துபோயிருந்தார். கலாதேவியும் மனுஷிதானே, மனம் இளகியது. "நேரா மையத்துக்குத்தான் போகணும். சத்தியம் பண்ணுங்க" என்றார். பத்துமலை கலாதேவியின் தலையில் அடித்துச் சத்தியம் செய்தார்.

சனிக்கிழமை வந்தது. பள்ளிக்கூடத் திடலுக்கு வெளியே உறுமி மேளம் காதைப் பிளந்தது. கொடிகள், தொப்பிகள், கோஷங்கள். போலீஸ் இரண்டு பக்கமும் சாலையை மறித்துவிட்டது. லாரி மேடையில் பத்துமலைக்குப் பக்கத்தில் கலாதேவி, கழுத்தில் ரோஜா மாலை. கைப்பையில் போன் அதிர்ந்துகொண்டே இருந்தது. எடுத்தார். சீனியண்ணன்.

"டத்தின், கருப்பம்மாவுக்கு மூச்சு வாங்குது."

"இன்னும் மையத்துக்குப் போய்ச் சேரலையா? எங்க இருக்கீங்க?"

"உங்க பின்னாலதான் நிக்கிறோம்லா. கொடிக்கூட்டத்துக்குள்ள."

கலாதேவி திரும்பிப் பார்த்தார். கொடிகளுக்கு நடுவே வெள்ளை வேன். அதன் ஜன்னல்களை மூடி, பளபளவென்று புதிதாக அச்சடித்த பத்துமலையின் முகம், சிரித்தபடி. உள்ளே இருக்கும் ஒருவர் முகமும் வெளியே தெரியவில்லை.

அவர் மாலையைக் கழற்றினார். கிட்டத்தில் நின்ற பவித்ரன் கையில் திணித்தார். மேடைப் படியில் இறங்கினார்.

"கலா, எங்க போற? கேமரா பாக்குது!" என்று பத்துமலை பல்லைக் கடித்துக்கொண்டு கூப்பிட்டார்.

"நல்லா பாக்கட்டும்" என்றார். திரும்பவில்லை.

பட்டுப்புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு கூட்டத்தைப் பிளந்து வேனுக்குப் போனார். ஓட்ட வந்த கட்சிப் பையன், "பவித்ரண்ணேதான் சொன்னாரு, பத்து நிமிசம் ஊர்வலத்தோட வந்துட்டுப் போலாம்னு" என்றான். கலாதேவி அவனைக் கையைப் பிடித்து இறக்கிவிட்டு ஏறினார். முன்னால் போக வழியில்லை. பின்னால் போலீஸ் தடுப்பு. சோதனையில் கம்பத்தை இடித்த அதே அம்மாள், ஹாரனை அமுக்கிய கையை எடுக்காமல், அந்தத் தெரு முழுக்கப் பின்பக்கமாகவே வேனை ஓட்டிக்கொண்டு போனார். போலீஸ்காரர் கையை ஓங்கிக்கொண்டு வந்தவர், உள்ளே எட்டிப் பார்த்ததும் தடுப்பை இழுத்துவிட்டார்.

கருப்பம்மாளை மையத்தில் ஏற்கவில்லை, நேரே ஆஸ்பத்திரி. நுரையீரலில் தண்ணீர் கோத்துவிட்டது என்றார்கள். சில நாள் படுத்திருந்து, பிழைத்து வந்தார். அந்த நாட்களில் கலாதேவி எத்தனை தெய்வத்தை அழைத்தார் என்று சொல்லி முடியாது. தான் மேடையில் மாலையோடு நின்ற நேரத்தை நினைத்து நினைத்து அழுதார்.

வீட்டில் பத்துமலை குதித்தார். "மானம் போச்சு! தேர்தல் நேரத்துல பொண்டாட்டி மேடையிலேர்ந்து இறங்கி ஓடினா ஊரு என்ன சொல்லும்?"

"ஊரு என்ன சொல்லும்னு நீங்கதான் கேக்கணும். ஊரு அந்த வேனுக்குள்ளதான் உக்காந்திருந்துச்சு. உங்க மூஞ்சி மறச்சதால உங்களுக்குத் தெரியல."

தலையில் அடித்துச் செய்த சத்தியம் பத்துமலைக்கு ஞாபகம் வந்திருக்கும். பவித்ரன் செய்த காரியம் தனக்குத் தெரியாது என்றார். கலாதேவி நம்பினார். நம்பியும் சாவியைக் கொடுக்கவில்லை. அன்று மாலையே வெந்நீர் காய்ச்சினார்.

அதற்குள் மேடையிலிருந்து இறங்கும் காட்சி எல்லாக் கைபேசியிலும் ஏறிவிட்டது. மனைவியே கைவிட்ட வேட்பாளர் என்று மாற்றுக் கட்சிக்காரர்கள் தேர்தல் கொட்டகை கொட்டகையாகப் போட்டுக் காட்டினார்கள். செவ்வாய்க்கிழமை காலை தாமான் முனையில் கேமராவோடு அவர்களுடைய ஆட்கள் காத்திருந்தார்கள். "வணக்கம் டத்தின், ரெண்டு வார்த்த சொல்லுங்க. எங்க மேடைக்கு வந்தீங்கன்னா புது வேனே வாங்கித் தாரோம்."

பாருங்கள், எப்பேர்ப்பட்ட வாய்ப்பு! கணவர் மேல் கோபம் இன்னும் ஆறவில்லை. கலாதேவி கண்ணாடியை இறக்கினார்.

"என் வீட்டுக்காரரோட நான் போடற சண்ட என் வீட்டுச் சண்ட. அத நீங்க விக்காதீங்க. தள்ளுங்க, நேரமாச்சு."

பின் இருக்கையிலிருந்து சீனியண்ணன், தம் சொந்தக் கட்சிக்காரர்களைப் பார்த்து, "தள்ளுங்கடா டேய்!" என்று கத்தினார். இரண்டு கட்சியும் அதோடு அந்த வேனைக் கைகழுவின.

பிரச்சாரம் முடியும் வரை கலாதேவி ஒரு மேடையும் ஏறவில்லை. காலையில் கணவருக்குப் பசியாற வைத்துவிட்டு, சட்டை தேய்த்துக் கொடுத்து, நல்லபடியாகப் போய்வாருங்கள் என்று அனுப்புவார். அந்த அன்பில் குறை வைக்கவில்லை. வாக்களிப்பும் சனிக்கிழமையே வந்தது. ஈப்போவிலிருந்து திரும்பும் வழியில் எல்லோரையும் பள்ளிக்கூட வாசலில் இறக்கினார். களைப்போடு ஒருவரையொருவர் பிடித்துக்கொண்டு உள்ளே போனார்கள். அவரும் வரிசையில் நின்று ஓட்டுப் போட்டார். வெளியே வந்து விரல் மையைப் பார்த்துக்கொண்டு வேனை எடுத்தார். யாரும் யாரையும் ஒன்றும் கேட்கவில்லை.

பத்துமலை தோற்றார். கொஞ்ச வாக்கு வித்தியாசம்தான். அதுதான் அதிகம் வலித்தது. ஞாயிறும் திங்களும் ஒரே இடத்தில் உட்கார்ந்திருந்தார். தொலைக்காட்சியைக்கூடப் போடவில்லை.

செவ்வாய்க்கிழமை விடியற்காலை கலாதேவி வாசலுக்கு வந்தபோது, பத்துமலை குளித்து, சட்டை மாட்டிக்கொண்டு வேனுக்குப் பக்கத்தில் நின்றார். "வீட்டுல இருந்தா பைத்தியம் புடிக்குது. நானும் வாரேன்" என்றார். சொல்லிவிட்டு முன் சீட்டில் ஏறப் போனார்.

"அங்க இல்ல. சீனியண்ணனுக்குக் கால மடக்க முடியாது, முன் சீட்டு அவருக்கு. நீங்க பின்னால ஏறுங்க."

முன்னாள் சட்டமன்ற உறுப்பினர் டத்தோ பத்துமலை, குனிந்து, கடைசி வரிசைக்குப் போய் உட்கார்ந்தார். தாமானில் ஒவ்வொருவராக ஏறினார்கள். ஆஸ்பத்திரியிலிருந்து வந்த கருப்பம்மாள் அவரைப் பார்த்துத் திடுக்கிட்டு, அப்புறம் பக்கத்திலேயே உட்கார்ந்துகொண்டார். "இப்ப எப்படி இருக்கு?" என்று பத்துமலை கேட்டார். காதில் யாரும் சொல்லிக் கொடுக்காமல் கேட்டார். "இருக்கேன் வைபி" என்றார் கருப்பம்மாள். அவர் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு, "மன்னிச்சிரும்மா" என்றார்.

வேன் நெடுஞ்சாலையில் ஏறியது. பத்துமலைக்கு மனசு அடங்கவில்லை. மூன்று நாளாக உள்ளே அரித்துக்கொண்டிருந்த கேள்வி, எல்லோரும் இருக்கும்போதே வெளியே வந்துவிட்டது.

"கலா, நீயாவது எனக்குப் போட்டியா?"

முன்னால் சீனியண்ணன் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டார். கலாதேவி கண்ணாடியில் கணவரைப் பார்த்தார். பார்வையில் கோபம் இல்லை, பிரியம்தான் இருந்தது.

"அந்தக் கேள்விய இந்த வேன்ல யாரும் கேக்கறதில்லங்க" என்று சொல்லிவிட்டு, கியரை மாற்றினார்.